காசிமேட்டில் மீன் ஏன் இந்த விலை? ஒரு துறைமுகம் வளர்த்த படகுகளின் கணக்கு

வடசென்னையில் ராயபுரத்தை ஒட்டியிருக்கும் காசிமேடு மீன்பிடித் துறைமுகத்துக்கு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் போய் வருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்வியோடு திரும்புகிறார்கள். படகிலிருந்து நேரே இறங்குகிற மீனுக்கே இந்த விலையா? அதே ஜெட்டியில் படகு வைத்திருப்பவரைக் கேட்டுப் பாருங்கள். போன தங்கலில், அதாவது பல நாள் கடலில் தங்கிப் பிடித்த போன பயணத்தில், டீசல் காசுகூட தேறவில்லை என்பார். இரண்டு பேர் சொல்வதும் உண்மைதான். வாங்குகிறவருக்கு விலை கூடுதல், பிடிக்கிறவருக்கு வருமானம் போதவில்லை.

இதற்கு வழக்கமாகச் சொல்லப்படும் பதில் இடைத்தரகர். அவருக்கும் இதில் பங்கு உண்டு, பின்னால் வருகிறேன். ஆனால் அவரை மட்டும் கைகாட்டிவிட்டு நகர்ந்தால் பெரிய காரணம் கண்ணில் படாமலே போய்விடும். காசிமேடு என்ற துறைமுகம் எப்படிப்பட்ட படகுகளை வளர்த்தது, அந்தப் படகுகள் எந்த வலையை நம்பி ஓடுகின்றன என்பதில்தான் முக்கால்வாசி விடை இருக்கிறது.

முதலில் கரையைப் பார்ப்போம். சென்னைக்கு இயற்கையான துறைமுகம் கிடையாது. மணல் கரை நேராக நீண்டு கிடக்கும். கப்பல்கள் தள்ளி நங்கூரம் போட, ஆட்களும் சரக்கும் மசூலாப் படகுகளில் அலையைத் தாண்டிக் கரைக்கு வருவார்கள். 1870களின் நடுவில் அலைதடுப்புச் சுவர்கள் எழுப்பி ஒரு செயற்கைத் துறைமுகம் கட்ட ஆரம்பித்தார்கள். 1881 நவம்பரில் வந்த புயல் அந்தச் சுவர்களை உடைத்துப் போட்டது. திரும்பவும் கட்டினார்கள்.

இந்தக் கரையில் மணல் சும்மா கிடப்பதில்லை. ஆண்டின் பெரும்பகுதி, தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில், அலைகள் மணலைத் தெற்கிலிருந்து வடக்கே தள்ளிக்கொண்டே போகின்றன. வடகிழக்குப் பருவத்தில் கொஞ்ச காலம் அது திசை மாறும். மொத்தத்தில் வடக்கே போவதுதான் அதிகம். கடலுக்குள் நீட்டிய சுவர் இந்த ஓட்டத்தை மறித்ததும் தெற்குப் பக்கம் மணல் சேர்ந்தது. மெரினா இன்று இவ்வளவு அகலமாக இருப்பதற்கு அதுதான் காரணம். வடக்குப் பக்கத்துக்கு மணல் வரத்து நின்றுபோனது. ராயபுரம், காசிமேடு கரையைக் கடல் வருஷா வருஷம் தின்றது. மீனவர்களின் வீடும் நிலமும் அலைக்குள் போயின. அரிப்பைத் தடுக்கக் கருங்கல் கொட்டினார்கள். கல் கொட்டிய கரையில் கட்டுமரத்தை இழுத்து ஏற்றவும் முடியாது, கரையில் நின்று பெரிய வலை இழுக்கவும் முடியாது. சென்னை மக்கள் மெரினாவில் காற்று வாங்குகிறார்கள் என்றால், அந்த மணலுக்கான விலையை வடக்கே இருந்த மீனவக் குப்பங்கள் கொடுத்திருக்கின்றன. இந்த ஊரின் வரலாற்றில் இது போதுமான அளவு பேசப்படவே இல்லை என்று நினைக்கிறேன்.

கரை இப்படிக் கரைந்துகொண்டிருந்த காலத்தில்தான் படகும் மாறியது. 1950களின் தொடக்கத்தில் கேரளத்தின் நீண்டகரையில் இந்திய நார்வே திட்டம் ஆரம்பமானது. இயந்திரப் படகு, ஐஸ், பதப்படுத்தும் வசதி எல்லாம் அதன் வழியாக வந்தன. சில ஆண்டுகளிலேயே இறாலுக்கு வெளிநாட்டில் கிடைக்கும் விலை தெரிந்துவிட, கவனம் முழுவதும் இறால் பக்கம் திரும்பியது. இறால் கடலின் அடித்தரையில் இருப்பது. அதை அள்ள அடித்தரையைத் தடவிக்கொண்டு போகும் வலை வேண்டும். அதுதான் இழுவலை, டிரால் மடி. அரசாங்கங்கள் மானியமும் கடனும் கொடுத்து இழுவலைப் படகுகளைப் பெருக்கின. தமிழ்நாட்டுக் கரையிலும் அதே கதைதான்.

விசைப்படகு மணலில் ஏறாது. அதற்கு ஆழமான, அலையடங்கிய நீர் வேண்டும். ஐஸ் ஏற்ற, டீசல் போட, மீன் இறக்க, பழுது பார்க்கக் கட்டித்தரப்பட்ட இடம் வேண்டும். கல் கொட்டிய கரையும் விசைப்படகும் ஒன்று சேர்ந்த இடத்தில் காசிமேட்டுக்கு மீன்பிடித் துறைமுகம் தேவைப்பட்டது. சென்னைத் துறைமுகத்தின் நிர்வாகமே அதன் வடக்கு ஓரத்தில் அதைக் கட்டிக் கொடுத்தது. 1980களில் அது முழுமையாகப் பயன்பாட்டில் இருந்தது. நிலமும் நீர்ப்பரப்பும் ஒன்றிய அரசின் கீழிருக்கும் துறைமுகத்துக்கு, மீனவர்களும் படகுப் பதிவும் சட்டமும் மாநில மீன்வளத்துறைக்கு என்று பொறுப்பு இரண்டாகப் பிரிந்தே இருந்தது. கழிப்பறை, குடிநீர், சாலை, தூர்வாருதல் என்று எதைக் கேட்டாலும் யாரிடம் கேட்பது என்பதிலேயே பாதிக் காலம் போனது இதனால்தான்.

புதிய துறைமுகத்தின் சுவர்கள், தம் பங்குக்கு, மணலை இன்னும் கொஞ்சம் மறித்தன. அரிப்பு வடக்கே திருவொற்றியூர், எண்ணூர் பக்கம் நகர்ந்தது. அங்கேயும் கல் கொட்டியாயிற்று.

துறைமுகத்தில் எத்தனை படகுக்கு இடம் என்று ஒரு திட்டம் இருந்திருக்கும். அந்த அளவைப் படகுகள் எப்போதோ தாண்டிவிட்டன. இன்று விசைப்படகுகள் மூன்று, நான்கு வரிசையாக ஒன்றை ஒன்று ஒட்டி நிற்கின்றன. உள்வரிசைப் படகிலிருந்து மீன் கூடையைக் கரைக்குக் கொண்டுவர மற்ற படகுகளின் மேல் ஏறித்தான் வர வேண்டும். ஒரு படகில் தீப்பிடித்தால் பக்கத்துப் படகும் சேர்ந்து எரியும் ஆபத்து. கடலுக்குப் போக நினைத்தாலும் முன்னால் நிற்பவர் நகர்ந்தால்தான் வழி. இவ்வளவு கூட்டம் எப்படி வந்தது என்றால், மீன் குறையும்போதும் படகு கூடிக்கொண்டே போனதால் வந்தது. அதைப் புரிந்துகொள்ள ஒரு தங்கலின் கணக்கைப் பார்க்க வேண்டும்.

காசிமேட்டின் பெரிய விசைப்படகுகள் காலையில் போய் மாலையில் திரும்புவதில்லை. ஒரு வாரம், பத்து நாள், சில சமயம் அதற்கும் மேல் கடலில் தங்கித் தொழில் செய்கின்றன. அதற்குத்தான் தங்கல் என்று பெயர். சென்னைக்கு எதிரே கடலடித் திட்டு, அதாவது கரையை ஒட்டி ஆழம் குறைவாக நீளும் கடல் தரை, மேற்குக் கரையைப் போல அகலமானது இல்லை. சீக்கிரமே ஆழம் கூடிவிடும். இழுவலை போடத் தோதான தரை குறைவு என்பதால் படகுகள் வடக்கே ஆந்திரக் கரையை நோக்கியும் தெற்கேயும் நீளமாகப் போகின்றன. நெல்லூர்ப் பக்கத்து மீனவர்கள் காசிமேட்டுப் படகுகளைச் சிறைபிடிப்பதும், பிறகு அதிகாரிகள் பேசி மீட்பதும் பலமுறை நடந்திருக்கிறது. அந்த ஊர்க்காரர்கள் கோபப்படுவதில் நியாயம் இருக்கிறது. சென்னையிலிருந்து வரும் பெரிய படகு அவர்களது கரையோரத்தில் மடியை இழுத்தால் அவர்கள் வலையும் சேர்ந்து அறுந்து போகும்.

தங்கலுக்குக் கிளம்பும் முன்பே செலவு தொடங்கிவிடுகிறது. டீசல்தான் முதல் இடம். இழுவலை என்பது இரண்டு பக்கமும் பலகை கட்டி, பெரிய பையைக் கடல் தரையோடு மணிக்கணக்கில் இழுப்பது. எஞ்சினுக்கு ஓய்வே இல்லை. மேலே இழுத்துக் கொட்டி, மீனைப் பிரித்து முடிப்பதற்குள் அடுத்த இழுப்பு ஆரம்பம். ஒரு தங்கலில் ஆயிரக்கணக்கான லிட்டர் டீசல் போய்விடும். தமிழ்நாடு அரசு விசைப்படகுக்கு விற்பனை வரி இல்லாத டீசல் தருகிறது. ஆண்டுக்கு 18,000 லிட்டராக இருந்தது, 2023-ல் 19,000 லிட்டராக உயர்த்தப்பட்டது. ஆண்டில் பத்து மாதம் தொழில் என்று வைத்தால் மாதத்துக்கு 1,900 லிட்டர். நீண்ட தங்கலுக்குப் போகும் படகுக்கு இது பாதி வழி கூடத் தாங்காது. மீதியை வெளிச்சந்தை விலைக்குத்தான் போட வேண்டும். அப்புறம் ஐஸ். நொறுக்கிய ஐஸ் டன் கணக்கில் படகின் வயிற்றுக்குள் இறங்கும். அரிசி, தண்ணீர், வலை, கயிறு, எஞ்சின் பழுது என்று பட்டியல் நீளும்.

மீன் விற்ற பணத்தில் முதலில் இந்தச் செலவு எல்லாம் கழியும். மிஞ்சியதுதான் பங்கு. அதில் ஒரு பகுதி படகுக்கு, அதாவது முதலாளிக்கு. இன்னொரு பகுதி டிரைவருக்கும் தொழிலாளிகளுக்கும். விகிதம் படகுக்குப் படகு வேறுபடும். முக்கியமான விஷயம் வேறு. செலவு முதலில் கழிவதால், டீசல் விலை ஏறினால் அந்த ஏற்றத்தில் ஒரு பங்கைக் கூலிக்காரரும் சுமக்கிறார். அதற்காக அவரிடம் யாரும் கேட்பதில்லை. காசிமேட்டுப் படகுகளில் இன்று உள்ளூர்ப் பிள்ளைகளோடு ஸ்ரீகாகுளத்திலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்தவர்களும் வேலை செய்கிறார்கள். பத்து நாள் தூக்கமின்றி உழைத்து, செலவுபோக ஒன்றும் மிஞ்சவில்லை என்று கேட்டுக்கொண்டு கரை இறங்குகிற நாட்கள் அவர்களுக்கு உண்டு.

மீன் குறைந்தால் படகு கரையிலேயே நிற்கலாமே என்று தோன்றும். கடன் அதை அனுமதிக்காது. இங்கேதான் இடைத்தரகர் வருகிறார். பெரிய விசைப்படகு கட்டப் பல பத்து லட்சங்கள் வேண்டும், வங்கி எல்லோருக்கும் அவ்வளவு கொடுப்பதில்லை. கமிஷன் ஏஜென்ட் முன்பணம் கொடுக்கிறார். பல நேரம் அதற்கு வட்டி என்று தனியாக ஒன்றும் வாங்குவதில்லை. பதிலாக, அந்தப் படகின் மீனை அவர்தான் ஏலம் விடுவார், விற்பனையில் கமிஷன் எடுத்துக்கொள்வார். கடன் அடையும்வரை வேறு இடத்தில் மீனைக் கொடுக்க முடியாது. இறால், கணவாய், கடம்பா, சாவாளை போன்ற ஏற்றுமதிச் சரக்கை நிறுவனங்களின் ஆட்கள் அளவு பிரித்து எடுத்துக்கொள்கிறார்கள். அங்கேயும் முன்பணம்தான் பேசும். இந்த ஏஜென்டைக் கெட்டவராகச் சித்திரிப்பது எளிது. புயலில் வலை போனால், எஞ்சின் உடைந்தால், நள்ளிரவில் எந்தக் காகிதமும் கேட்காமல் பணம் கொடுக்கிறவர் அவர் ஒருவர்தான் என்பதையும் மீனவர்களே சொல்வார்கள். வங்கியும் கூட்டுறவுச் சங்கமும் செய்யாமல் விட்ட வேலையை அவர் தன் லாபத்துக்குச் செய்கிறார்.

ஆக, கடன் இருப்பதால் படகு ஓடியே ஆக வேண்டும். கிட்டத்தில் மீன் இல்லாததால் தூரம் ஓட வேண்டும். தூரம் ஓட டீசல். டீசலை ஈடுகட்ட நிறைய அள்ள வேண்டும். நிறைய அள்ள, வலையில் சின்னக் கண்ணி (துளை), பெரிய எஞ்சின். சில ஆண்டுகளுக்கு முன் காசிமேட்டில் சீன எஞ்சின் பிரச்சினை வெடித்தது இந்தச் சுற்றில்தான். வேகம் கூடிய எஞ்சின் பொருத்திய படகுகள் மற்றவர்களைவிடப் பல மடங்கு அள்ளுகின்றன என்று மற்ற மீனவர்கள் போராடினார்கள். கைகலப்பு வரை போனது. தமிழ்நாட்டு விதிகளில் எஞ்சின் 240 குதிரைத்திறனுக்கு மேல் போகக் கூடாது, படகு 24 மீட்டருக்கு மேல் நீளக் கூடாது, இழுவலையின் அடிப்பையில் கண்ணி 40 மில்லிமீட்டருக்குக் குறையக் கூடாது என்றெல்லாம் இருக்கிறது. கரையோரம் நாட்டுப் படகுகளுக்கு என்று 1983-ஆம் ஆண்டுச் சட்டம் 3 கடல் மைலை ஒதுக்கியது, பின்னால் அது 5 கடல் மைலானது. காகிதத்தில் குறையே இல்லை. ஆனால் இந்த ஒவ்வொரு விதியையும் மீறத் தூண்டும் காரணம் படகின் கணக்குப் புத்தகத்திலேயே எழுதியிருக்கிறது. கடலில் பிடித்து அபராதம் போட அதிகாரிகளுக்கு இருக்கும் படகும் ஆளும் மிகக் குறைவு.

சின்னக் கண்ணியில் வருகிற பொடி மீன் எங்கே போகிறது என்பதைச் சாதாரணமாக யாரும் கவனிப்பதில்லை. இறாலோடும் கணவாயோடும் சேர்ந்து ஏறும் குஞ்சு மீன், விலைபோகாத மீன் எல்லாம் முன்பு கடலிலேயே கொட்டப்பட்டன. இப்போது கோழித் தீவனத்துக்கும் மீன்மாவு ஆலைக்கும் வாங்க ஆள் இருக்கிறது. வளர்ந்தால் நல்ல விலைக்குப் போகக்கூடிய சங்கராவும் கிழங்கானும் விரல் அளவிலேயே அள்ளப்பட்டு, காய்ந்து, மாவாகிவிடுகின்றன. கரைக்குக் கொண்டுவரப்படும் எடை கூடியிருப்பதுபோலத் தெரியும். சாப்பிடுகிறவன் தட்டுக்கு வரும் மீன் கூடுவதில்லை. படகுக்காரர் நஷ்டம் என்பதும் நாம் விலை அதிகம் என்பதும் ஒரே இடத்தில் சந்திப்பது இங்கேதான். நாளை கிலோ பல நூறு ரூபாய்க்குப் போக வேண்டியதை இன்று சில ரூபாய்க்குத் தீவனமாக விற்றுக்கொண்டிருக்கிறோம்.

ஆமைகளும் இதே மடியில் மாட்டுகின்றன. ஜனவரி முதல் ஏப்ரல் வரை பங்குனி ஆமைகள் சென்னைக் கரையில் முட்டையிட வரும் காலம். இழுவலையில் சிக்கினால் மூச்சுவிட மேலே வர முடியாமல் செத்துப்போகும். 2025 ஜனவரியில் சென்னையை ஒட்டிய கரைகளில் நூற்றுக்கணக்கில் ஆமைகள் செத்து ஒதுங்கியதைப் பார்த்தோம். ஆமை தப்பிக்கும் கருவியை மடியில் பொருத்தாததைக் காரணம் காட்டித்தான் அமெரிக்கா இந்தியக் கடல் இறாலை வாங்குவதைச் சில ஆண்டுகளாக நிறுத்தி வைத்திருக்கிறது. அதனால் வரும் விலையிறக்கமும் கடைசியில் படகின் பங்குக் கணக்கில்தான் விழுகிறது.

காசிமேட்டின் வருஷம் காலண்டர்படி ஓடுவதில்லை. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் கிழக்குக் கரையில் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். தமிழ்நாட்டில் இது 2001-ல் 45 நாளாகத் தொடங்கி 2017-லிருந்து 61 நாளானது. மீன் இனப்பெருக்கத்துக்காக என்று சொல்லப்பட்டாலும் எல்லா மீனும் இந்த இரண்டு மாதத்தில்தான் முட்டையிடுகிறது என்று இல்லை. எனக்குத் தெரிந்தவரை இதன் பெரிய நன்மை, கடல் தரைக்கு இரண்டு மாதம் மடி உரசலிலிருந்து கிடைக்கும் ஓய்வு. மீனவக் குடும்பத்துக்கு அரசு தரும் தடைக்கால நிவாரணம் 5,000 ரூபாயிலிருந்து 8,000 ரூபாயாக உயர்த்தப்பட்டிருக்கிறது. இரண்டு மாதத்துக்கு 8,000. அந்த நாட்களில் படகை மேலே ஏற்றிப் பழுது பார்ப்பார்கள், வர்ணம் அடிப்பார்கள், அடுத்த பருவத்துக்கு மறுபடி முன்பணம் வாங்குவார்கள்.

தடைக்காலத்தில் பைபர் படகுகள், அதாவது கண்ணாடியிழையில் செய்த சிறு படகுகள், போகலாம். மேற்குக் கரையில் தடை ஜூன் 1-ல்தான் தொடங்குகிறது என்பதால் மே முடியும்வரை அங்கிருந்து லாரியில் மீன் வரும். ஜூன் முதல் இரண்டு வாரம் இரண்டு கரையும் மூடியிருக்கும். அந்த நாட்களில் சென்னையில் விலை கிறுகிறுக்க வைப்பதற்கு இதுதான் காரணம். ஜூன் 14 நள்ளிரவுக்குப் பிறகு எல்லாப் படகும் ஒரே நேரத்தில் கிளம்பும். முதல் சில வாரம் நல்ல பாடு, அதாவது நிறைய மீன், கிடைக்கும், விலை இறங்கும். புரட்டாசி வந்தால் நகரத்தில் பாதிப் பேர் மீனைத் தொடமாட்டார்கள். கடலில் நல்ல மீன் இருக்கும், கரையில் ஆள் இருக்காது. பிடித்ததை ஐஸில் வைத்துக்கொண்டு கேரளத்து லாரிக்குக் காத்திருக்க வேண்டிவரும். ஐப்பசி, கார்த்திகையில் புயல். கடலுக்குப் போகாதே என்ற அறிவிப்பு வந்தால் படகு நிற்கும், கடன் நிற்காது. எல்லாவற்றையும் கழித்துப் பார்த்தால் ஒரு படகு முழு மனதோடு தொழில் செய்யும் மாதங்கள் மிகச் சொற்பம்.

ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்துக்கும் இதில் ஒரு தொடர்பு உண்டு. வார இறுதியில் விலை கூடும் என்பதால் பல படகுகள் வெள்ளி இரவிலும் சனிக்கிழமையும் கரை சேரும்படி தங்கலைத் திட்டமிடுகின்றன. பத்து நாள் தங்கலில் முதல் நாள் பிடித்த மீன் ஐஸில் பத்து நாள் கிடந்திருக்கும், கடைசி நாள் மீன் நேற்றையது. இரண்டும் ஒரே ஜெட்டியில் ஒரே விடியற்காலையில் இறங்கும். படகிலிருந்து நேரே வாங்கினேன் என்பதால் மட்டும் மீன் புதிது என்று ஆகிவிடாது. இரவில் வலை விட்டுக் காலையில் திரும்பும் பைபர் படகின் நெத்திலியும் காரப்பொடியும் மத்தியும் கானாங்கெளுத்தியும் விலை குறைவு, புதிதும் கூட. 2018 ஜூலையில், மீன் கெடாமலிருக்க ஃபார்மலின் என்ற ரசாயனம் சேர்க்கிறார்கள் என்ற பயம் கிளம்பியபோது சென்னையில் மக்கள் எல்லா மீனையும் ஒதுக்கினார்கள். அன்றன்றைக்குப் பிடித்து அன்றே விற்கிறவருக்கும் அதே தண்டனை கிடைத்தது.

அப்படி விற்கிறவர்கள் பெரும்பாலும் பெண்கள். விடியற்காலை மூன்று மணிக்கே வந்து, கூடைக் கணக்கில் ஏலம் எடுத்து, ஐஸ் போட்டு, ஷேர் ஆட்டோ பிடித்துத் தெருத்தெருவாகக் கொண்டுபோகிறவர்கள். ஏலத்தில் அவர்கள் போட்டி போடுவது ஓட்டல்காரர்களோடும் ஏற்றுமதிக்காரர்களின் ஆட்களோடும். அன்றைக்கு வாங்கும் முதலுக்கே நாள் வட்டிக்குக் கடன் வாங்கும் நிலை பலருக்கு. துறைமுகத்தில் படகுக்கு இடம் போதவில்லை என்று பேசும்போது, இவர்கள் உட்கார நிழலுக்கும் மீன் வைக்கத் திட்டுக்கும் நல்ல கழிப்பறைக்கும் இடம் போதவில்லை என்பதைச் சேர்த்துப் பேசுகிறவர்கள் குறைவு. வெளியே துறைமுகச் சாலையில் கன்டெய்னர் லாரிகள் மறித்து நிற்க, அந்த நெரிசலில் கூடையோடு தெருவைக் கடப்பதே அவர்களுக்குத் தினசரி ஆபத்து.

2004 டிசம்பர் 26-ல் சுனாமி வந்தபோது காசிமேட்டிலும் படகுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி நொறுங்கின. உதவி வந்து குவிந்தது, நல்ல மனதோடு வந்தது. ஆனால் தமிழ்நாட்டுக் கரை முழுக்க அந்த உதவி புதிய பைபர் படகுகளாக மாறியது. இழந்ததைவிட அதிகம் படகுகள் கடலுக்குள் போயின. கடலில் எத்தனை படகு தாங்கும் என்ற கேள்வியை அந்த நேரத்தில் கேட்பது கொடுமை என்று எல்லோரும் நினைத்தார்கள். அதற்குப் பின்னும் யாரும் கேட்கவில்லை. 2017 ஜனவரியில் எண்ணூருக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியபோதும், 2023 டிசம்பரில் மிக்ஜாம் வெள்ளத்தோடு எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் பரவியபோதும் முதலில் அடிபட்டது இதே சிறு படகுகள்தான். அப்போது எண்ணூர் மீன் என்றாலே வாங்க ஆள் இல்லை.

இனி என்ன செய்யப்போகிறார்கள்? 2021 பிப்ரவரி ஒன்றிய பட்ஜெட்டில் கொச்சி, சென்னை, விசாகப்பட்டினம், பாரதீப், பெட்டுவாகாட் ஆகிய ஐந்து மீன்பிடித் துறைமுகங்களை மேம்படுத்துவதாக அறிவித்தார்கள். காசிமேட்டுக்கு அதில் சுமார் 98 கோடி ரூபாய். ஏலக்கூடம், கழிவுநீர் வசதி, படகு அணையும் தளம் என்று வேலைகள். இவை வேண்டியவைதான். தரையில் போட்டு மீனை ஏலம் விடுவதை நிறுத்தினாலே அதன் ஆயுளும் விலையும் கூடும்.

அதைவிடப் பெரிய மாற்றம் வடக்கே திருவொற்றியூர்க் குப்பத்தில். அங்கே சுமார் 270 கோடி ரூபாய் செலவில் சூரை மீன்பிடித் துறைமுகம் கட்டப்பட்டு 2025-ல் திறக்கப்பட்டது. காசிமேட்டு நெரிசலைக் குறைப்பது ஒரு நோக்கம். இன்னொன்று, அடித்தரையைச் சுரண்டும் இழுவலையிலிருந்து ஆழ்கடலில் சூரை பிடிக்கும் முறைக்குப் படகுகளைத் திருப்புவது. நீளக் கயிற்றில் வரிசையாகத் தூண்டில் கட்டிப் போட்டுக் காத்திருக்கும் முறை அது. குஞ்சு மீன் மாட்டாது, எஞ்சின் நாள் முழுக்க இழுத்துக்கொண்டிருக்கத் தேவையில்லை, நல்ல தரத்தில் கொண்டுவந்தால் ஏற்றுமதி விலை கிடைக்கும். திட்டமாகப் பார்த்தால் எனக்கு முழு உடன்பாடு.

கவலை எங்கே என்றால், பாக் நீரிணைப் பகுதியில் இதே போன்ற முயற்சி ஒன்று 2017-லேயே தொடங்கப்பட்டது. 80 லட்ச ரூபாய்ப் படகுக்கு ஒன்றிய அரசு 50 சதவீதம், மாநில அரசு 20 சதவீதம் மானியம். இழுவலைப் படகைக் கைவிட்டு ஆழ்கடலுக்குப் போகலாம் என்றார்கள். மானியம் போக மீதிக்கும் லட்சக்கணக்கில் பணம் புரட்ட வேண்டியிருந்தது. இழுவலையில் பழகிய டிரைவருக்கும் தொழிலாளிக்கும் சூரைத் தொழில் புதிது, வாரக்கணக்கில் ஆழ்கடலில் இருப்பதும் புதிது. எதிர்பார்த்த வேகத்தில் ஆட்கள் வரவில்லை. சென்னையில் முன்பணம் கொடுத்த ஏஜென்டுக்கு வேண்டியது தினமும் விலைபோகும் கலவை மீன். சூரைக்கு மாறுகிற படகுக்கு அவர் தொடர்ந்து பணம் போடுவாரா என்பதும் சந்தேகம். அந்த இடத்தில் கூட்டுறவு வங்கிக் கடன் வந்து நிற்காவிட்டால் புதுத் துறைமுகத்திலும் பழைய இழுவலைப் படகுகளே போய் அணையும். நெரிசல் இரண்டாகப் பிரியும், கடலில் மடிகளின் எண்ணிக்கை அப்படியே இருக்கும். இடம் கூடியதால் இன்னும் நூறு படகு புதிதாகக் கட்டப்பட்டாலும் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

படகைப் பதிவு செய்வது மாநில அரசின் கையில் இருக்கிறது. துறைமுகத்துக்குக் கோடிகளை ஒதுக்கும் ஒவ்வொரு அறிவிப்பின்போதும் மீன்வளத்துறையிடம் கேட்க வேண்டிய கேள்வி இதுதான்: திருவொற்றியூரில் பதிவாகும் ஒவ்வொரு சூரைப் படகுக்கும் பதிலாகக் காசிமேட்டில் ஓர் இழுவலைப் படகின் பதிவு நீக்கப்படுகிறதா, அந்தப் படகில் வேலை செய்த டிரைவருக்கும் தொழிலாளிகளுக்கும் புதிய படகில் இடம் உண்டா?